கையால் சேர்த்த விளையாட்டு

செப்டம்பர் 4, வியாழன்

ஐந்து வாரம் போட்டுவிட்டார்கள். மதுரை குடும்ப நலக் கோர்ட்டில் இன்று காலை பதினொன்றரைக்கு. ஐந்து வாரம் நான் என் மகளோடு பேசக்கூடாதாம். போன் கூடாது, மெசேஜ் கூடாது, கடிதம் கூடாது, ஆள் விட்டுச் சொல்லக்கூடாது, பள்ளிக்கூடப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கக் கூடாது. அக்டோபர் 9 மறுபடி வாய்தா. அதுவரை ஒழுங்காக இருந்தால் ஞாயிற்றுக்கிழமை தோறும் தாரணிகாவை என்னோடு அனுப்புவது பற்றி யோசிப்பார்களாம். யோசிப்பார்களாம்! பெற்றவன் நான், யோசிப்பவர்கள் அவர்கள்.

அப்படி என்ன செய்துவிட்டேன்? என் மனைவி முத்துச்செல்வி மே மாதம் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு மதுரையில் அவள் அண்ணன் அருஞ்சுனை வீட்டுக்குப் போய்விட்டாள். ஜூலையில் நான் பிள்ளையைப் பார்க்கப் பள்ளி வாசலுக்குப் போனேன். கொஞ்சம் சத்தம் போட்டேன். அவ்வளவுதான்.

என் வக்கீல் ஜெசிந்தா மேடம் கோர்ட்டு வராந்தாவிலேயே என் போனை வாங்கி, பேசுகிற ஆப், படம் போடுகிற ஆப் எல்லாவற்றையும் தன் கையாலேயே அழித்தார். "காசிராஜன், அஞ்சு வாரம் நீங்க செத்த மாதிரி இருக்கணும். கோவம் வந்தா ஆள்கிட்ட காட்டாதீங்க, ஒரு நோட்டுல எழுதுங்க" என்றார். அதனால் எழுதுகிறேன். சிவகாசியில் டைரிக்கா பஞ்சம்? எங்கள் பிரஸ்ஸில் அடுத்த வருட டைரி ஓடிக்கொண்டிருக்கிறது. அச்சில் சிவப்பு மை இடம் விலகிப்போய்க் கழித்துப் போட்டதில் ஒன்றை எடுத்துவந்தேன். கிழமை எதுவும் பொருந்தாது. அடித்துவிட்டு எழுதுகிறேன்.

செப்டம்பர் 6, சனி

தினசரி காலண்டர் லேஅவுட் நாற்பத்தெட்டுப் பக்கம் முடித்தேன். ராகு காலம் இரண்டு இடத்தில் மாறியிருந்தது, திருத்தினேன். துணி துவைத்தேன். சோற்றுக்குப் புளிக்குழம்பு, நேற்று வைத்தது.

செப்டம்பர் 8, திங்கள்

காலையில் பிரஸ்ஸில் என் கம்ப்யூட்டரைப் போட்டதும் அந்தச் சாட் ஆப் தானாக எழுந்து வந்தது. போனில் இருந்ததைத்தான் மேடம் அழித்தார். இது தினமும் எழுந்து வந்தாலும் பார்க்காமலே மூடிவிடுவேன், இருப்பதையே மறந்துபோயிருந்தேன்.

போன வருட லீவில் தாரணிகா பிரஸ்ஸுக்கு வந்தபோது போட்டுக்கொடுத்தது. கணக்கை அவளே தொடங்கினாள், பாஸ்வேர்டும் அவளே வைத்தாள். எனக்கு அது என்னவென்றுகூடத் தெரியாது. இந்த மெஷினில் தானாகத் திறக்கும், அது போதும் என்று விட்டுவிட்டேன். நண்பர்கள் பட்டியலில் ஒரே ஒரு பெயர், அவளுடையது.

எட்டாம் வகுப்பில் கம்ப்யூட்டர் கிளப்புக்காக அவள் ஒரு விளையாட்டு எழுதினாள். 'வெடி ஆடு' என்று பெயர். தெருவெல்லாம் பட்டாசு கிடக்கும், ஒரு ஆடு தாண்டித் தாண்டி ஓட வேண்டும். மிதித்தால் டமால். பெரிய கம்பெனி விளையாட்டை நீங்கள் திறந்தால் அந்தச் சாட் ஆப் தானே கண்டுபிடித்து, உங்கள் பெயருக்குக் கீழே 'விளையாடுகிறார்' என்று இன்ன விளையாட்டு, இத்தனை நேரம் என்று எல்லோருக்கும் காட்டும். வெடி ஆடு அதற்குத் தெரியாது. சிவகாசிப் பிள்ளை எழுதியதை எவன் கண்டான்! அதனால் கையால் சேர்க்க வேண்டும். செட்டிங்ஸில் போய், ஓடிக்கொண்டிருப்பவற்றின் பட்டியலில் ஆட்டைத் தேர்ந்தெடுத்து, சேர் என்று ஒரு தட்டு. "இப்படித்தான்ப்பா, ஈஸி" என்று மூன்று தரம் செய்து காட்டினாள்.

இன்று அந்த ஆட்டைத் திறந்தேன், சேர்த்தேன். விளையாடுகிறார்: வெடி ஆடு.

நான் யாருக்கும் ஒரு எழுத்து அனுப்பவில்லை. என் மெஷினில் நான் விளையாடுகிறேன். இதைக் கூடாதென்று எந்தக் கோர்ட்டு சொன்னது?

செப்டம்பர் 9, செவ்வாய்

மாலை ஐந்தேகாலுக்கு அவள் பெயர் பக்கத்தில் பச்சைப் புள்ளி எரிந்தது. என் பெயருக்குக் கீழே ஆடு எட்டு மணி நேரமாக ஓடிக்கொண்டிருந்தது. இரண்டு நிமிடம் ஒன்றுமில்லை. பிறகு அவள் பெயருக்குக் கீழே வந்தது. விளையாடுகிறார்: வெடி ஆடு.

பாத்ரூமுக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். எழுதுவதற்கு என்ன வெட்கம், அழுதேன்.

செப்டம்பர் 11, வியாழன்

கையால் சேர்த்த விளையாட்டுக்கு ஒரு வசதி இருக்கிறது. அதன் பெயரைத் தட்டினால் மாற்றி எழுதலாம். எதை வேண்டுமானாலும் எழுதலாம். 'அப்பா இங்கதான் இருக்கேன்' என்று எழுதினேன். உடனே என் பெயருக்குக் கீழே, விளையாடுகிறார்: அப்பா இங்கதான் இருக்கேன்.

இது மெசேஜ் இல்லை. மெசேஜ் என்றால் ஒருவருக்கு அனுப்ப வேண்டும். இது ஒரு விளையாட்டின் பெயர். காட்டுவது ஆப். பார்ப்பவர்கள் பார்க்கலாம், பார்க்காதவர்கள் போகலாம்.

பத்து நிமிடத்தில் அவளும் தன் ஆட்டின் பெயரை மாற்றினாள். விளையாடுகிறார்: சரிப்பா.

என் பிள்ளைடா அது! கோர்ட்டாவது கச்சேரியாவது.

செப்டம்பர் 12, வெள்ளி

'நல்லா இருக்கேன்ப்பா' என்று வந்தது. வெகு நாளைக்குப் பிறகு வயிறு நிறையச் சாப்பிட்டேன்.

செப்டம்பர் 15, திங்கள்

அச்சுத் தகடு எடுக்கிற பிளேட் செக்ஷன் பாண்டிச்செல்வம், காலண்டர் லட்சுமி படத்தின் கலர் கேட்க வந்தவன், என் திரையைப் பார்த்துவிட்டான். எட்டு வருடமாக ஒன்றாக வேலை பார்க்கிறோம், அவனிடம் எதை மறைப்பது? சொன்னேன்.

"அண்ணே, பேசக்கூடாதுன்னு கோர்ட்ல சொல்லிருக்குல்ல?"

"நான் எங்கடா பேசுனேன்? வெளையாட்டு பேரு அது."

"செவத்துல எழுதுனாலும் எழுத்துதானண்ணே. நாளைக்கு பாப்பாவோட மாமா இதப் பாத்தா ஒங்க ஞாயித்துக்கெழமை போச்சுண்ணே."

"அவன் கெடக்கான். ஒம் வேலையப் பாரு" என்று சத்தம் போட்டேன். பாவம், முகம் சுண்டிப்போய்விட்டது. பிறகு டீ வாங்கிக்கொடுத்தேன். அவன் சொல்வதும் ஒரு பக்கம் உறுத்துகிறது. ஆனால் அருஞ்சுனைக்குக் கம்ப்யூட்டர் திறக்கவே தெரியாது.

செப்டம்பர் 18, வியாழன்

காலாண்டுப் பரீட்சை. தமிழ் எப்படி, கணக்கு எப்படி, மாமன் வீட்டில் என்ன சாப்பாடு, அம்மா என்னைப் பற்றி என்ன பேசினாள், எல்லாம் ஒவ்வொன்றாகப் பெயர் மாற்றி மாற்றிக் கேட்கிறேன். கேட்டதற்கெல்லாம் பதில் வருகிறது. ஐந்தேகால் என்றால் ஐந்தேகால், ஒரு நாள் தப்புவதில்லை. இன்று மட்டும் ஐந்தே முக்காலுக்கு வந்தாள். நான் கேட்பதற்கு முன் அவளே போட்டாள், விளையாடுகிறார்: சாரிப்பா பஸ் லேட் சாரி.

சொல்லி வளர்த்த பிள்ளை. நேரத்தின் அருமை தெரிகிறது.

செப்டம்பர் 22, திங்கள்

ஜெசிந்தா மேடம் போன். புதன்கிழமை கோர்ட்டின் கவுன்சிலர் அம்மா தாரணிகாவைத் தனியாக உட்காரவைத்துப் பேசப்போகிறாராம். அந்த அறிக்கையை வைத்துத்தான் 9-ஆம் தேதி முடிவு. "பாப்பா என்ன சொல்றாளோ அதான் எல்லாம்" என்றார்.

எனக்குக் கை ஓடவில்லை. சித்ரா பௌர்ணமியை மார்ச்சில் போட்டேன். அண்ணாச்சி, எங்கள் முதலாளி, கண்ணாடிக்கு மேலாக ஒரு பார்வை பார்த்தார்.

பள்ளி வாசல் விஷயத்தைக் கேட்பார்கள். நடந்தது இதுதான். நான் கூப்பிட்டேன், அவள் வரவில்லை. கையைப் பிடித்தேன். அவள் இழுத்தாள். கால் தடுக்கியது, மணிக்கட்டு பிசகிவிட்டது. பிள்ளைகள் என்றால் விழத்தான் செய்யும்.

மாலை அவள் வந்ததும் எழுதினேன். பெயருக்கு அதிகம் இடம் விடுவதில்லை, மூன்று தடவையாக மாற்றிப் போட வேண்டியிருந்தது. 'கவுன்சிலர் கேட்டா', பிறகு 'அப்பா ஒண்ணும் செய்யல', பிறகு 'நானா கால் தடுக்கி விழுந்தேன்னு சொல்லு'.

வெகு நேரம் ஒன்றும் வரவில்லை. அவள் ஆடு மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. ஆறு மணிக்கு வந்தது. சரிப்பா.

செப்டம்பர் 24, புதன்

'என்ன சொன்ன?' என்று போட்டேன்.

விளையாடுகிறார்: நீங்க சொன்னதத்தான்.

அப்பாடா.

செப்டம்பர் 26, வெள்ளி

மேடம் காலை பத்து மணிக்கே கூப்பிட்டார். குரலே சரியில்லை.

"காசிராஜன், ஒண்ணு கேக்கறேன், உண்மையச் சொல்லணும். கவுன்சிலர் மூணு விதமா கேட்டாங்களாம். மூணு தடவையும் பாப்பா ஒரே வார்த்தையச் சொல்லியிருக்கா. 'அப்பா ஒண்ணும் செய்யல, நானா கால் தடுக்கி விழுந்தேன்.' மனப்பாடம் பண்ண மாதிரி. யாரோ சொல்லிக்கொடுத்திருக்காங்கன்னு அவங்க நினைக்கிறாங்க. நீங்க யார் மூலமாவது பேசுனீங்களா?"

"சத்தியமா இல்ல மேடம். யார் மூலமாவும் பேசல."

அது பொய்யில்லை. யார் மூலமாகவும் பேசவில்லைதான்.

மாலை ஐந்தேகால். புள்ளி எரியவில்லை.

செப்டம்பர் 27, சனி

எரியவில்லை. காலாண்டு லீவு விட்டாயிற்று, நாள் முழுக்க வீட்டில்தானே இருக்கிறாள்?

செப்டம்பர் 29, திங்கள்

நான்கு நாள். நான் எத்தனை பெயர் மாற்றியிருக்கிறேன்! 'எங்க போன', 'உடம்பு சரியில்லையா', 'பதில் போடு', 'பதில் போடுன்னு சொல்றேன்ல'. ஒன்றுக்கும் அசைவில்லை. முத்துச்செல்வி கண்டுபிடித்துவிட்டாளா? அந்த அருஞ்சுனை லேப்டாப்பைப் பிடுங்கிவைத்துவிட்டானா? இல்லை, இவளுக்கே கொழுப்பு ஏறிவிட்டதா?

நான் கூப்பிட்டு ஒருத்தர் திரும்பாமல் போனால் எனக்குள் ஏதோ ஒன்று கொதிக்கிறது. சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். மேடம் சொன்னபடி எழுதிப் பார்க்கிறேன். எழுதினால் அடங்குகிறது என்று சொல்ல முடியாது.

செப்டம்பர் 30, செவ்வாய்

நாளை ஆயுத பூஜை. பிரஸ் முழுக்கக் கழுவிவிட்டோம். மெஷினில் ஒட்டிய மையை மண்ணெண்ணெய் போட்டுத் துடைத்ததில் நகக்கண் எல்லாம் எரிகிறது. பொரி, கடலை, பூசணிக்காய் வந்து இறங்கிவிட்டன.

அவள் வரவில்லை.

அக்டோபர் 1, புதன்

இன்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

காலை பத்தரை. எல்லோரும் மாவிலை கட்டிக்கொண்டிருந்தார்கள். நான் என் அறைக்கு வந்து பார்த்தேன். புள்ளி இல்லை. ஆறு நாள்! கொதித்துவிட்டது. ஆட்டின் பெயரைத் தட்டி எழுதினேன். 'பதில் போடல நாளைக்கு மதுரை வரேன்'.

நிஜமாகப் போவதற்கு இல்லை. அப்படித்தான் நான். எழுதிவிடுவேன், பத்து நிமிடத்தில் சூடு ஆறும், அழித்துவிடுவேன். முன்பும் இரண்டு தரம் அப்படிச் செய்திருக்கிறேன்.

அந்தப் பத்து நிமிடம் கிடைக்கவில்லை. பின்னாலேயே அண்ணாச்சி தட்டோடு வந்துவிட்டார். மற்ற கம்ப்யூட்டர்களை அணைக்கச் சொன்னார். என்னுடையதில் மட்டும் வருடா வருடம் சரஸ்வதி படத்தைத் திரை முழுக்க வைத்து, விடிய விடிய எரியவிடுவார்கள். சாமி இருட்டில் இருக்கக்கூடாது என்பது அவர் கணக்கு. அவரே மவுஸைப் பிடித்துப் படத்தைப் பெரிதாக்கினார். கீபோர்டை எடுத்துப் புத்தகங்களோடு சாமிக்கு முன் வைத்தார்கள். திரைக்குச் சந்தனம், குங்குமம், மாலை. சூடம் காட்டியாயிற்று. "அவ்வளவுதான்யா. இனி நாளைக்கு ஒம்பதே காலுக்கு நல்ல நேரம் வரைக்கும் ஒருத்தரும் ஒண்ணையும் தொடக்கூடாது" என்று பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டார்.

சரஸ்வதிக்குப் பின்னால் என் ஆடு ஓடிக்கொண்டிருக்கிறது. அதன் பெயர் மதுரையில் தெரிகிறது.

"அண்ணாச்சி, ரெண்டு நிமிஷம். ஒரு ஃபைலை மூடாம விட்டுட்டேன்."

"என்ன ஃபைலு?"

"ஒண்ணு... முக்கியமானது."

"ஏம்ப்பா காசி, பதினேழு வருசத்துக்கு முந்தி எந் தம்பி இந்த நாள்ல மெசினத் தொட்டுத்தான் ரெண்டு வெரல் போச்சு. எவ்வளவு பெரிய ஆர்டரா இருந்தாலும் நாளைக்குத்தான்."

வேறு வழி தேடினேன். பிரௌசிங் சென்டர் ஒன்று திறந்திருந்தது. அங்கே ஆப்பைத் திறந்தால் பாஸ்வேர்டு கேட்கிறது. பாஸ்வேர்டு தெரிந்த ஒரே ஆள் அவள்தான்.

மூன்று மணிக்கு அண்ணாச்சி வீட்டுக்குப் போனேன். சாவி கேட்டேன். முடியாது என்றார். மறுபடி கேட்டேன். சிரித்துக்கொண்டே, "போய்ப் பொரி தின்னுட்டுத் தூங்கு" என்றார். அவ்வளவுதான், என் குரல் எங்கே போனதென்று எனக்கே தெரியவில்லை. தெருவில் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அண்ணாச்சி வீட்டம்மா உள்ளேயிருந்து வந்தார். என்னைப் பார்த்தார். அண்ணாச்சியின் கையைப் பிடித்து உள்ளே இழுத்து, கிரில் கதவைச் சாத்திக் கொண்டியைப் போட்டார். பத்து வருடமாக எனக்குக் காப்பி போட்டுக்கொடுத்த அம்மா.

இன்னொரு வழி இருந்தது. அருஞ்சுனைக்குப் போன் செய்து, "நான் வரவில்லை, பிள்ளையிடம் சொல்" என்று சொல்லலாம். நம்பரை அழுத்தினேன். ஒரு மணி அடித்ததும் வைத்துவிட்டேன். சொன்னால் இத்தனை நாள் பேசியது வெளியே வரும். 9-ஆம் தேதி போய்விடும். ஞாயிற்றுக்கிழமை எல்லாமும் போய்விடும்.

அவள் ஆறு நாளாகத் திறக்கவில்லை. இன்றும் திறக்க மாட்டாள். பார்த்திருக்க மாட்டாள்.

அக்டோபர் 2, வியாழன்

விஜயதசமிக்கு லீவென்றாலும் மெஷினில் ஒரு பாரமாவது அச்சு ஓட்டுவது வழக்கம். எட்டு மணிக்கே போய் வாசலில் நின்றேன். ஒன்பதே காலுக்கு அண்ணாச்சி வந்து, என் முகத்தைப் பார்க்காமல் பூட்டைத் திறந்தார். ஓடினேன். மாலையைத் தள்ளிவிட்டு, கீபோர்டை எடுத்து மாட்டி, சரஸ்வதியை மூடினேன்.

அவள் பெயர் பக்கத்தில் பச்சைப் புள்ளி எரிந்துகொண்டிருந்தது.

விளையாடுகிறார்: கதவைப் பூட்டிட்டேன். 20 மணி 41 நிமிடம்.

நின்றபடியே அதைப் படித்தேன். இருபது மணி நேரம் முன்பு என்றால் நேற்று மத்தியானம். நேற்று மத்தியானத்திலிருந்து என் மகள் ஒரு கதவைப் பூட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். நான் வந்துவிடுவேன் என்று. நான் அண்ணாச்சி வீட்டு வாசலில் கத்தியபோதும், போனில் ஒரு மணி அடித்து வைத்தபோதும்.

'வரமாட்டேன்' என்று மாற்றினேன். ஒன்றும் அசையவில்லை. 'சத்தியமா வரமாட்டேன் தாரணி'. அசையவில்லை. 'அப்பா பிரஸ்ஸில இருக்கேன் கதவத் திற'. 21 மணி 10 நிமிடம். 21 மணி 30. நான் எழுதுவது அவள் திரையில் தெரிகிறது, நிச்சயமாகத் தெரிகிறது. அவள் நம்பவில்லை. எப்படி நம்புவாள்? கதவைத் திற என்று ஒருவன் சொல்கிறான், அவனுக்குப் பயந்துதான் கதவையே பூட்டியிருக்கிறாள்.

பத்தரைக்கு அருஞ்சுனைக்குப் போன் செய்தேன். இந்த முறை வைக்கவில்லை.

"என்னய்யா, எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுப் போன் பண்றீரு?"

"மச்சான், திட்டுறத அப்புறம் திட்டு. பாப்பா எங்க இருக்கா?"

"ஒமக்கு எதுக்கு? நேத்து மத்தியானத்துலருந்து ரூம்லதான் இருக்கா. வயித்து வலிங்கா. கதவத் தெறக்க மாட்டேங்கா. ராத்திரி அவ அம்மா ஜன்னல் வழியாத்தான் இட்டிலி குடுத்தா."

"வயித்து வலி இல்ல மச்சான். நான் இன்னிக்கு அங்க வருவேன்னு பயந்துபோய் இருக்கா. நான்தான் பயமுறுத்துனேன். கம்ப்யூட்டர்ல. மூணு வாரமா அவகிட்ட பேசிக்கிட்டுத்தான் இருக்கேன். கவுன்சிலர்கிட்ட என்ன சொல்லணும்னு சொல்லிக்கொடுத்ததும் நான்தான்."

நான் பேசிக்கொண்டே போனேன். "இப்ப சிவகாசில இருக்கேன். நம்பலேன்னா எங்க மொதலாளிகிட்ட குடுக்கேன், கேட்டுக்க. நீ போய் அவ கதவுக்கு வெளிய ஒக்காரு. அப்பா வரலன்னு சொல்லு. நீ சொன்னா நம்புவா."

அவனிடம் போய் நான் இதைச் சொல்ல வேண்டியதாயிற்று.

அண்ணாச்சியிடம் போனைக் கொடுத்தேன். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நின்றவர், "ஆமாங்க, எம் முன்னாலதான் இருக்கான். எங்கயும் விட மாட்டேன்" என்றார்.

பதினொன்று ஐந்துக்கு அவள் பெயருக்குக் கீழே இருந்த வரி மறைந்தது. பிறகு புள்ளியும் அணைந்தது.

அக்டோபர் 3, வெள்ளி

ஜெசிந்தா மேடம் என்னை மனுஷனாகவே மதிக்கவில்லை, ஒரு அரை மணி நேரம். "நீங்களாவே போய் எதிராளிகிட்டச் சொல்லுவீங்களா? பாப்பா யார்கிட்டயும் ஒரு வார்த்தை சொல்லல, தெரியுமா? நேத்து வரைக்கும் அவங்க கையில ஒண்ணுமே இல்ல!"

பிறகு கொஞ்சம் தணிந்து, ஒரு வழி சொன்னார். அந்த ஆப் தானாகக் காட்டுகிறது, நான் விளையாடியது மட்டும்தான், பெயர் எப்படி மாறியது என்று தெரியாது என்று சொல்லிவிடலாமாம். நீதிபதி அம்மாவுக்கு இதெல்லாம் புரியாது, மன்னிப்புக் கேட்டால் மாதம் ஒரு ஞாயிறாவது வாங்கிவிடலாமாம்.

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். யோசிக்கவும் செய்தேன், பொய் சொல்வானேன்.

அக்டோபர் 6, திங்கள்

கால் தடுக்கவில்லை. கையைத் திருகினேன். மூன்று வாரம் மாவுக்கட்டு போட்டிருந்தாள்.

அக்டோபர் 7, செவ்வாய்

பாண்டிச்செல்வத்தைக் கூப்பிட்டு, மெஷினிலிருந்து அந்த ஆப்பை எடுக்கச் சொன்னேன். எடுத்தான். அண்ணாச்சி வீட்டுக்குப் போய் வாசலுக்கு வெளியே நின்றே அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டேன். சரிப்பா என்றார். கதவைத் திறக்கவில்லை, நானும் எதிர்பார்க்கவில்லை. பொங்கல் சிறப்பு மாதக் காலண்டர் இன்று பிளேட்டுக்குப் போயிற்று.

அக்டோபர் 9, வியாழன்

கோர்ட்டில் தனி அறை. நீதிபதி அம்மா, கவுன்சிலர் அம்மா, ஜெசிந்தா மேடம், அவர்கள் வக்கீல், முத்துச்செல்வி. தாரணிகா தன் அம்மாவுக்குப் பக்கத்தில், கவுன்சிலரின் நாற்காலியை ஒட்டி உட்கார்ந்திருந்தாள். மூன்று மாதத்தில் வளர்ந்துவிட்டாள். என்னைப் பார்க்கவில்லை.

நீதிபதி அம்மா கேட்டார். "இந்த விளையாட்டுப் பேரு விஷயம், நீங்களாத்தான் மாத்துனீங்களா? இல்ல அது தானா வந்துச்சா?"

மேடம் என் முழங்கையை இலேசாகத் தொட்டார்.

"நான்தான் மாத்துனேன்மா. ஒவ்வொண்ணும். பள்ளிக்கூட வாசல்ல அவ விழல. நான்தான் கையத் திருகுனேன்."

முத்துச்செல்வி நிமிர்ந்து பார்த்தாள். பதினாறு வருடத்தில் என் வாயிலிருந்து இப்படி ஒன்று அவள் கேட்டதில்லை.

கவுன்சிலர் அம்மா ஒரு தாளை எடுத்தார். போன சனிக்கிழமை தாரணிகா மறுபடி பேசினாளாம், இந்த முறை தன் வார்த்தையில். கொஞ்சம் படித்தார்.

"'அப்பா முதல் நாள் வெடி ஆடு வெளையாடுறதப் பாத்தப்ப கை நடுங்குச்சு. நானும் வெளையாடலேன்னா கோவம் வரும்னு தொறந்தேன். தினமும் அஞ்சேகாலுக்குள்ள வீட்டுக்கு ஓடி வருவேன். பதில் போடாட்டி நேர்ல வந்துருவாங்கன்னு பயம். அம்மாகிட்ட சொன்னா அம்மா கோர்ட்டுல சொல்லுவாங்க, அப்பாவுக்குத் தெரிஞ்சா அதுக்கும் வருவாங்க. கவுன்சிலர் ஆன்ட்டிகிட்ட பொய் சொன்ன பெறகு லேப்டாப்பத் தொடவே பிடிக்கல. ஆயுத பூஜைக்குப் புஸ்தகத்தோட வைக்கச் சொல்லி அம்மா கேட்டாங்க. அப்பத்தான் தொறந்தேன்.'"

படித்து முடித்துத் தாளைக் கவிழ்த்து வைத்தார்.

முதல் நாள் நான் பாத்ரூமில் அழுதேனே, அந்த நாள். அவளும் என்னோடு விளையாட வந்தாள் என்று அழுதேன். அவள் கை அப்போது நடுங்கிக்கொண்டிருந்திருக்கிறது. சரிப்பா, நல்லா இருக்கேன்ப்பா, சாரிப்பா பஸ் லேட் சாரி, அத்தனையையும் நான் பிரியம் என்று எடுத்துக்கொண்டேன். அத்தனையும் பயம்.

நீதிபதி அம்மா என்னைப் பார்த்தார். நானே எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டதால், கவுன்சிலர் கூடவே இருக்க, மாதம் ஒரு ஞாயிறு ஒரு மணி நேரம் கொடுத்துப் பார்க்கலாமா என்று இரண்டு வக்கீல்களையும் கேட்டார். ஜெசிந்தா மேடத்தின் முகத்தில் வெளிச்சம் வந்தது. மகளின் தோள் அப்படியே கூனிப்போனதை நான் பார்த்தேன்.

"வேண்டாம்மா" என்றேன்.

"என்ன வேண்டாம்?"

"ஞாயித்துக்கெழம வேண்டாம்மா. அவளாக் கேக்கட்டும். கேக்கலேன்னா வேண்டாம். நான் எதுலயும் எழுத மாட்டேன்."

நீதிபதி அம்மா அப்படியே எழுதிக்கொண்டார். என் கோபத்துக்கு வாரா வாரம் கவுன்சிலிங் போட்டிருக்கிறார்.

அறையை விட்டுக் கிளம்ப எழுந்தபோது தாரணிகா தன் அம்மாவிடம், "போலாமாம்மா?" என்றாள். அந்தக் குரலைக் கேட்டு மூன்று மாதமாயிற்று. அருஞ்சுனை வராந்தாவில் நின்றிருந்தான். மூன்று பேரும் படியிறங்கிப் போனார்கள். என் பஸ்ஸுக்கும் அதே வாசல், அதே ஸ்டாப்தான். மேடம், "வாங்க, கிளம்பலாம்" என்றார். நீங்கள் போங்கள் என்றேன். இப்போது நான் வெளியே வந்தால், பின்னால் வருகிறான் என்று நினைப்பாள்.

அவர்கள் பஸ் ஏறிப் போகும்வரை உள்ளேயே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். பிறகு இன்னும் ஒரு அரை மணி நேரமும் இருந்துவிட்டுக் கிளம்பினேன்.